2,92,000 தோசைகள்: அம்பையின் குடும்பக் கணக்கும் தாராவியின் அடுப்பும்

அம்பையின் ‘வெளிப்பாடு’ என்னும் சிறுகதையில் ஒரு பெருக்கல் கணக்கு வருகிறது. பெண்களின் வாழ்க்கையை அவர்கள் வாயாலேயே கேட்டறிய வந்த ஓர் ஆய்வாளர், ஒரு வீட்டுப் பெண்மணி அதுவரை வார்த்திருக்கக்கூடிய தோசைகளை எண்ணிப் பார்க்கிறார். நாளொன்றுக்கு இருபது, நாற்பது ஆண்டுகள், விடை 2,92,000. இட்லியும் வடையும் குழம்பும் இக்கணக்கில் சேரா. இவ்விடத்தில் வாசகர் சிரித்துவிடுகிறார். கைமணம், பாசம், பொறுமை என்ற சொற்களால் மட்டுமே இதுகாறும் பேசப்பட்டு வந்த ஒன்றின்மேல் திடீரென ஆறு இலக்கம் கொண்ட ஓர் எண் வந்து அமர்ந்துகொள்கிறது. சிரிப்பு அடங்கியதும், தம் வீட்டில் இந்த எண் எவ்வளவாக இருக்கும் என்ற யோசனை தொடங்குகிறது. அந்த யோசனையிலிருந்து எளிதில் வெளியே வர இயலுவதில்லை.

அம்பையைப் பற்றிய ஆய்வேடுகளில் ‘பெண்ணியம்’ என்ற சொல் முதற்பக்கத்திலேயே வந்துவிடும். ‘நகைச்சுவை’ என்ற சொல் பெரும்பாலும் வருவதேயில்லை; வந்தாலும் நடை பற்றிய துணைத்தலைப்பின் கீழ் இரண்டு வரிகளில் முடிந்துவிடும். இது அவருடைய எழுத்தின் பாதியை விட்டுவிட்டு மறுபாதியைப் படிப்பதற்கு ஒப்பானது. குடும்பம் எண்ண மறுப்பதை எண்ணிக் காட்டுவதுதான் அவருடைய அடிப்படை வேலை. அந்த எண்ணிக்கை சிரிப்பாகவே முதலில் வெளிப்படுகிறது.

இந்தச் சிரிப்புக்கு ஒரு மரபும் உண்டு. சி.எஸ். லக்ஷ்மி 1944இல் கோயம்புத்தூரில் பிறந்தவர். மும்பையிலும் பெங்களூரிலும் வளர்ந்தவர். ‘அம்பை’ என்ற புனைபெயரைப் பலரும் மகாபாரதத்தோடு மட்டுமே இணைத்துப் பேசுகின்றனர். பீஷ்மரால் கவர்ந்துவரப்பட்டு, எங்கும் ஏற்கப்படாமல், மறுபிறவியில் பழிதீர்த்த காசி நாட்டு இளவரசி நினைவுக்கு வருவது இயல்பே. ஆனால் அப்பெயருக்கு இன்னொரு வேரும் இருக்கிறது. தேவன் எழுதிய ‘பார்வதியின் சங்கல்பம்’ நாவலில், கணவனால் மதிக்கப்படாத பார்வதி எழுதத் தொடங்கும்போது சூட்டிக்கொள்ளும் பெயர் அம்பை. தேவன் ஆனந்த விகடனின் நகைச்சுவை எழுத்தாளர். ‘துப்பறியும் சாம்பு’வைப் படைத்தவர். தமிழின் கூர்மையான பெண்ணெழுத்து ஒன்றின் பெயர், பழிதீர்க்கும் இளவரசியிடமிருந்தும் ஒரு நகைச்சுவை எழுத்தாளரின் கதைமாந்தரிடமிருந்தும் ஒருசேர வந்திருக்கிறது. இந்த இரட்டைப் பிறப்பை மனத்தில் கொண்டு படித்தால் பல கதைகள் வேறாகத் தெரியும். அம்பை பின்னாளில் தாமே ஒரு துப்பறிவாளரைப் படைத்ததும் வியப்பாகத் தோன்றாது. ‘அந்தேரி மேம்பாலத்தில் ஒரு சந்திப்பு’ தொகுப்பில் வரும் சுதா குப்தா மும்பைவாசி. நடுத்தர வயதுக் குடும்பப் பெண். சாம்பு ஒன்றும் அறியாமலே வழக்குகளில் வெல்கிறான். சுதா குப்தாவோ குடும்பம் என்றால் என்ன என்று நன்றாக அறிந்திருப்பதால் வெல்கிறார்.

‘அந்திமாலை’ நாவல் 1966இல் வந்தபோது ஆசிரியருக்கு வயது இருபத்திரண்டு. தில்லி ஜவாஹர்லால் நேரு பல்கலைக்கழகத்தில் அவர் முனைவர் பட்டத்துக்கு மேற்கொண்ட ஆய்வு தமிழ் இலக்கியம் பற்றியதன்று. 1956ஆம் ஆண்டு ஹங்கேரியப் புரட்சி தோற்றபின் நாட்டைவிட்டு ஓடியவர்களைப் பற்றிய அமெரிக்கக் கொள்கையே அதன் பொருள். வீட்டைவிட்டு வெளியேறியவர்களைப் பற்றி ஆய்வேட்டிலும், வெளியேற இயலாதவர்களைப் பற்றிக் கதைகளிலும் ஒருவரே எழுதினார் என்பது சுவையான செய்தி. தமிழ்ப் பெண் எழுத்தாளர்களைப் பற்றிய அவருடைய ஆங்கில நூல் ‘தி ஃபேஸ் பிஹைண்ட் த மாஸ்க்’ 1984இல் வெளிவந்தது. நீரா தேசாய், மைத்ரேயி கிருஷ்ணராஜ் ஆகியோருடன் சேர்ந்து 1988இல் மும்பையில் ‘ஸ்பாரோ’ என்ற பெண்கள் ஆவணக் காப்பகத்தை நிறுவினார். ‘சிவப்புக் கழுத்துடன் ஒரு பச்சைப் பறவை’ தொகுப்புக்காக 2021ஆம் ஆண்டின் சாகித்திய அகாதமி விருது கிடைத்தது. விருதுப் பட்டியல் இத்துடன் போதும். கதைகளே இங்கு முக்கியம்.

1976இல் வெளியான ‘சிறகுகள் முறியும்’ தொகுப்பின் தலைப்புக் கதையில் சாயா என்றொருத்தி வருகிறாள். கணவன் பாஸ்கரன் கஞ்சன். குடிகாரன் அல்லன், அடிப்பவன் அல்லன், பிறன்மனை நோக்குபவனும் அல்லன். ஊரார் பார்வையில் அவனிடம் குறையொன்றும் இல்லை. இத்தகைய கணவனைப் பற்றி யாரிடம் முறையிடுவது? சாயா யாரிடமும் முறையிடுவதில்லை. தன் மனத்துக்குள் ஒரு புத்தகம் எழுதிக்கொள்கிறாள். அதன் பெயர்தான் ‘சிறகுகள் முறியும்’. அச்சேறாத அப்புத்தகத்தில் அவளுடைய தீர்ப்புகள் ஒவ்வொன்றாகப் பதிவாகின்றன. கொடுமைக்காரக் கணவனை எழுதுவது எளிது. வாசகர் உடனே பக்கம் சார்ந்துவிடுவார். சில்லறையை எண்ணும் கணவனை எழுதுவது கடினம். அவன் ஒவ்வொரு நாளும் செய்வது மிகச் சிறியது. புகாராக எழுதினால் அற்பமாக ஒலிக்கும். நகைச்சுவையாக எழுதும்போது மட்டுமே அச்சிறுமைகள் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கப்பட்டு, வாசகரின் மூச்சை முட்டும் உயரத்துக்கு எழுகின்றன.

அவருடைய நேர்மைக்கு அளவுகோலாகக் கொள்ளத்தக்க கதை வேறொன்று: ‘அம்மா ஒரு கொலை செய்தாள்’. பூப்பெய்தியிருக்கும் ஒரு சிறுமி, ஊருக்குப் போயிருக்கும் அம்மாவின் வரவுக்காகக் காத்திருக்கிறாள். சுற்றியிருக்கும் பெண்கள் அனைவரும் தன் உடலைப் பற்றி ஏதேதோ சொல்கின்றனர். அம்மா வந்தால் எல்லாம் தெளியும் என்று நம்புகிறாள். அவள் நினைவிலுள்ள அம்மா பேரழகி, பேரறிவு கொண்டவள், அன்பே உருவானவள். அம்மா வருகிறாள். நிறம் கறுப்பு என்று உறவுப்பெண்ணின் வரன் தட்டிப்போன களைப்போடும் எரிச்சலோடும் வருகிறாள். இதற்குள் இவளுக்கு என்ன அவசரம் என்ற பொருள்பட ஒரு சொல் உதிர்க்கிறாள். கொலை அவ்வளவே. மாமியாரையும் கணவனையும் குற்றவாளிக் கூண்டில் ஏற்றும் கதைகள் தமிழில் ஏராளம். அம்மாவை ஏற்றியதும், ஏற்றியபின் அவளை வெறுக்க விடாமல் அவளுடைய களைப்பையும் சாட்சியாக வைத்ததும்தான் இக்கதையின் அரிய செயல். தாய்மையைப் பாடிப் பழகிய மொழியில் இதை எழுதுவதற்குத் துணிவு மட்டும் போதாது. அம்மாவின் மேல் உண்மையான ஈடுபாடும் தேவைப்படுகிறது.

‘காட்டில் ஒரு மான்’ கதையின் தங்கம் அத்தை பூப்பெய்தாதவள். கணவன் இரண்டாம் திருமணம் செய்துகொள்கிறான்; வீட்டுக் குழந்தைகளுக்கெல்லாம் அவளே கதைசொல்லி. அவளைக் குறைபட்டவளாகப் பார்க்கும் பெரியவர்களின் கண்ணும், அவளை விட்டு விலக மனமில்லாத குழந்தைகளின் கண்ணும் ஒரே வீட்டில் இருக்கின்றன. அம்பை குழந்தைகளின் பக்கம் அமர்ந்துகொள்கிறார். கூட்டுக்குடும்பத்தை ஒரேயடியாகத் தூக்கியெறிய அவர் மறுத்ததற்கு இக்கதை சான்று.

இனி அந்தச் சமையலறைக்கு வரலாம். 1988இல் வெளியான தொகுப்பின் தலைப்புக் கதையான ‘வீட்டின் மூலையில் ஒரு சமையலறை’ நிகழும் இடம் தமிழ்நாடும் அன்று, மும்பையும் அன்று; இராஜஸ்தானத்து அஜ்மீர். பெரிய வீடு. சமையலறை மட்டும் ஒரு மூலையில், இருட்டில். தண்ணீர் ஒழுங்காக வடியாத இடத்தில் நின்று வேலை செய்யும் பெண்களின் பாதங்கள் நனைந்து வெடிக்கின்றன. தென்னாட்டிலிருந்து வந்த மருமகள் மீனாட்சி, சமையலறையை ஒட்டிய வராந்தாவைச் சற்று விரிவாக்கலாமே என்று மாமனாரிடம் சொல்கிறாள். குடும்பமே திகைக்கிறது. சில நாட்களில் அந்த வராந்தாவில் துணி உலர்த்தும் கயிறுகள் ஏறிவிடுகின்றன. சன்னல் வழியே தெரிந்த பச்சை மலை ஈரத்துணிகளுக்குப் பின்னால் மறைகிறது. யாரும் யாரையும் திட்டவில்லை. ஒரு கொடிக்கயிற்றைக் கொண்டு ஒரு குடும்பம் தன் பதிலைச் சொல்லிவிடுகிறது. வாதத்தில் தோற்றிருந்தால்கூட மீனாட்சிக்குச் சற்று மரியாதை மிஞ்சியிருக்கும்.

இக்கதையை மும்பைப் பல்கலைக்கழக வட்டாரத்தில் படிப்பதும் தாராவியில் படிப்பதும் ஒன்றாக இருக்க இயலாது. காரணம் எளியது. பத்துக்குப் பத்து அடியில் அமைந்த ஒற்றை அறை வீட்டில் சமையலறை மூலையில் இருப்பதில்லை. காலையில் அந்த அறையே சமையலறை, பகலில் தொழிற்கூடம், மாலையில் பிள்ளைகளின் படிப்பறை, இரவில் ஆறேழு பேரின் படுக்கையறை. ஆண்களை ஒருபுறமும் பெண்களை மறுபுறமும் நிறுத்தும் சுவர் அங்கு இல்லை. ஆகவே வீட்டின் கட்டடக்கலையை ஆணாதிக்கத்தின் வரைபடமாகக் காட்டும் இக்கதை தாராவிக்குப் பொருந்தாது என்று ஒரு வாதம் எழுகிறது. சாதி சார்ந்த இன்னொரு வாதமும் உண்டு: அம்பையின் தமிழ்க் குடும்பங்களில் பல, மாட்டுங்காவின் குடும்பங்கள், தாராவியின் குடும்பங்கள் அல்ல.

மாட்டுங்கா, தாராவி என்ற இரு பெயர்களையும் எதிரெதிரே நிறுத்துவதற்கு முன் நிலப்படத்தைப் பார்ப்பது நல்லது. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பம்பாய் நகர மேம்பாட்டு அறக்கட்டளை திட்டமிட்டு உருவாக்கிய தாதர்-மாட்டுங்காப் பகுதியில் தமிழ்நாட்டிலிருந்து வந்த எழுத்தர்களும் அலுவலர்களும் குடியேறினர். பஜனை சமாஜமும் பள்ளியும் உணவு விடுதிகளும் தோன்றின. அதற்கு முன்பே, பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில், திருநெல்வேலிச் சீமையிலிருந்து வந்தவர்கள் தாராவியின் தோல் பதனிடும் தொழிலில் சேர்ந்திருந்தனர். அவர்களுள் தாழ்த்தப்பட்டோரும் இசுலாமியரும் மிகுதி. இரண்டுக்கும் இடையே நடந்தே கடக்கக்கூடிய தூரம்தான். குறுக்கே இரயில் பாதை. தாராவியை ஒட்டிய ஒரு பகுதிக்கு ‘மாட்டுங்கா லேபர் கேம்ப்’ என்றே பெயர் வழங்குகிறது. ஒரு பெயருக்குள் இரண்டு தமிழ் உலகங்கள். ஒன்றின் அடுப்பு மடியாக இருக்க வேண்டியது. மற்றதன் அடுப்பில் வெந்தது மறுநாள் காலை நகரம் முழுவதும் விற்பனைக்குப் போவது.

மேற்சொன்ன வாதங்களில் உண்மை இருக்கிறது. ஆனால் முழு உண்மை இல்லை. தாராவியின் இட்லியை எடுத்துக்கொள்ளலாம். மும்பைத் தெருக்களில் காலையில் மிதிவண்டியிலும் தலைச்சுமையாகவும் வரும் இட்லியில் பெரும்பங்கு தாராவித் தமிழர் வீடுகளில் விடியுமுன் வெந்தது. மாவரைத்து, தட்டில் ஊற்றி, அவித்து, சட்டினி அரைப்பதில் வீட்டுப் பெண்களின் உழைப்பு பெரிது. தூக்கிச் சென்று விற்பவர்கள் பெரும்பாலும் ஆண்கள். ஒரு பேச்சுக்கு நாளொன்றுக்கு 400 இட்லி என்று வைத்துக்கொண்டால், ஆண்டுக்கு 1,46,000. இரண்டே ஆண்டுகளில் 2,92,000. அம்பையின் கதைப்பெண் நாற்பது ஆண்டுகளில் எட்டிய அதே எண்! இங்கு உணவு எண்ணப்படாமல் இல்லை. நாள்தோறும் எண்ணப்படுகிறது, விலையும் பெறுகிறது. ஆனால் காசை எண்ணுவது விற்றுவரும் கை. அவித்த கைக்கு அதே பழைய சொற்கள்தாம்: ‘வீட்டு வேலை’, ‘கூடமாட உதவி’. எண்ணப்படாத உழைப்பைப் பற்றிய அம்பையின் கணக்கு, எண்ணப்பட்டும் பெயர் மாறிப்போகும் உழைப்பைப் பற்றிய கணக்காக இங்கு நீள்கிறது. கதை பொருந்தவில்லை என்று சொல்லிவிட்டு நகர்வதைவிட, கணக்கை மறுபடி போட்டுப் பார்ப்பது பயனுள்ளது.

நகைச்சுவையின் இயல்பும் இடம் மாறும்போது மாறுகிறது என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். அம்பையின் பெண்களுடைய சிரிப்பு பெரும்பாலும் மனத்துக்குள் நிகழ்வது. சாயாவின் புத்தகம் அச்சேறாதது. பாமாவின் ‘சங்கதி’யில் (1994) பெண்கள் கணவனோடான சண்டையைத் தெருவுக்கே கொண்டுவந்து, வாய்க்கு வந்த வசவுகளால் ஊரையே சிரிக்கவைத்துத் தங்களைக் காத்துக்கொள்கின்றனர். மூடிய கதவுள்ள வீட்டில் சிரிப்பு உள்ளே போகிறது. கதவு இருந்தும் மறைவு இல்லாத வீட்டில் அது சந்துக்கு வருகிறது. தாராவியின் சந்துகளில் ‘மைனி’ என்று விளித்துத் தொடங்கும் பேச்சு பாமாவின் பெண்களுக்கே அணுக்கமானது. இவ்விரு சிரிப்புகளையும் ஒப்பிடும் ஆய்வுகளில் ஒன்றை உயர்த்தி மற்றதைத் தாழ்த்தும் போக்கு தென்படுவது வருந்தத்தக்கது. எந்த வீட்டில் எந்தச் சிரிப்புக்கு இடமிருந்தது என்பதே கேட்கத்தக்க கேள்வி.

இக்கேள்வி இப்போது வெறும் இலக்கியக் கேள்வியாக இல்லை. அதானி குழுமமும் மகாராட்டிர அரசும் பங்குகொண்ட நிறுவனம் தாராவியை மீளுருவாக்கும் பணியை மேற்கொண்டுள்ளது. 2000 சனவரி 1ஆம் நாளுக்கு முன்பிருந்து தரைத்தளத்தில் வாழ்ந்துவருவதை மெய்ப்பிக்கும் குடும்பங்களுக்குத் தாராவிக்குள்ளேயே 350 சதுர அடி வீடு என்று அறிவிக்கப்பட்டிருக்கிறது. தனிக் கழிப்பறையும் தனிச் சமையலறையும் உண்டு என்கிறது அறிவிப்பு. தனிக் கழிப்பறை என்பது பொதுக் கழிப்பறையின் வரிசையில் நின்ற பெண்களுக்கு எத்தகைய விடுதலை என்பதை விளக்க வேண்டியதில்லை. சமையலறை குறித்து அவ்வளவு எளிதாகச் சொல்லிவிட முடியாது. தாராவிப் பெண்களில் பலருக்கு வாழ்நாளில் முதன்முறையாக வீட்டின் மூலையில் ஒரு சமையலறை கிடைக்கப்போகிறது. சுவருக்கு அப்பால் மற்றவர்கள் தொலைக்காட்சி பார்க்க, இப்பால் ஒருத்தி தனியே நிற்கும் இடம். முன்பு அறையின் நடுவே அமர்ந்து காய் நறுக்கியபடி பிள்ளையின் பாடத்தையும் கொழுந்தனின் கடன் கதையையும் கேட்டுத் தன் கருத்தைச் சொன்னவள் அவள். சந்தில் மைனியோடு வாசற்படியில் அமர்ந்து வெங்காயம் உரித்தவளும் அவளே. பல மாடிக் கட்டடத்தின் மூடிய கதவுக்குப் பின்னால் அந்தப் பேச்சு எங்கே போகும்? இட்லி அண்டாவையும் மாவரைக்கும் இயந்திரத்தையும் அச்சமையலறையில் வைக்கலாமா, வைத்தால் அது குடியிருப்பா, தொழிற்கூடமா என்ற கேள்விகளும் இருக்கின்றன. வரைபடம் வரைவோர் மேசையில் மீனாட்சி ஒருத்தி அமர்ந்திருக்க வேண்டும். அவளுக்குப் பக்கத்தில் இட்லி அவிக்கும் ஒருத்தியும் வேண்டும்.

மெய்ப்பித்தல் என்ற சொல் அம்பையின் இன்னொரு கதையை நினைவூட்டுகிறது. ‘அணில்’ கதையில் ஓர் ஆய்வாளர் நூலகத்தில் பழைய பெண்கள் இதழ்களைப் படித்துக்கொண்டிருக்கிறார். அங்கே உலவும் ஓர் அணில் அவருக்குத் துணை. நொறுங்கும் அப்பக்கங்களில் ஒரு காலத்துப் பெண்களின் குரல்கள் கிடக்கின்றன. அவற்றை அழித்துவிடும் முடிவும் எங்கோ எடுக்கப்படுகிறது. காப்பகம் அமைத்தவர் ஒருவர் எழுதிய கதை என்பதால் அதன் அச்சம் கற்பனையானதாகத் தோன்றவில்லை. தாராவியின் ஒவ்வொரு வீட்டிலும் இத்தகைய ஒரு காப்பகம் இருக்கிறது. தகரப் பெட்டியில் அல்லது பிளாஸ்டிக் பையில், அரிசி டிரம்முக்கு மேலே பரணில்: ரேஷன் அட்டை, பழைய மின்கட்டண இரசீது, வாக்காளர் அட்டை, பள்ளி மாற்றுச் சான்றிதழ், ஊரில் அடகு வைத்த நகையின் சீட்டு. பெரும்பாலான வீடுகளில் அதன் காப்பாளர் பெண்ணே. மழைக்காலத்தில் சந்தில் தண்ணீர் ஏறும்போது அவள் முதலில் தூக்குவது அந்தப் பையைத்தான். மறுவாழ்வு வீடு கணவன், மனைவி இருவர் பெயரிலும் ஒதுக்கப்பட வேண்டும் என்பது மகாராட்டிரக் குடிசை மறுவாழ்வு விதி. ஆயினும் பழைய தாள்களில் பல கணவன் பெயரிலும் மாமனார் பெயரிலும் இருக்கின்றன. கைவிட்டுப் போன கணவனின் பெயர், ஊருக்குத் திரும்பி இறந்துபோன மாமனாரின் பெயர், பங்கு கேட்கும் கொழுந்தனின் பெயர். 2000ஆம் ஆண்டுக்கு முன் அங்கே அடுப்பு எரிந்ததற்கான தாள் இருக்கிறது, எரித்தவளின் பெயர் அதில் இல்லை.

இத்தாள்களைச் சுற்றி இப்போது தாராவியின் வீடுகளில் நடக்கும் உரையாடல்களில் அம்பையின் கதைகளுக்குரிய அனைத்தும் இருக்கின்றன. இருபது ஆண்டுகளாக எட்டிப் பாராத அண்ணன் திடீரெனத் தங்கையின் நலம் விசாரிக்கத் தொடங்குகிறார். பிரிந்து வாழும் தம்பதியர் கணக்கெடுப்பு நாளன்று மட்டும் ஒரே பாயில் அருகருகே அமர்கின்றனர். மேல்தளத்தில் குடியிருக்கும் இளைய மகன், தான் எப்போதுமே கீழ்த்தளத்தில்தான் சாப்பிட்டதாக நினைவுபடுத்துகிறான். கேட்பவர்கள் சிரிக்கத்தான் செய்கின்றனர். பெண்களின் வாய்மொழி வரலாறுகளை ஆண்டுக்கணக்கில் ஒலிநாடாக்களில் பதிவு செய்துவரும் காப்பகம் இதே நகரத்தில், தஹிசரில் இயங்கிவருகிறது. குடும்ப ஆய்விலும் நகர்ப்புற ஆய்விலும் ஈடுபட்டிருக்கும் இளம் ஆய்வாளர்கள் தாராவியின் வீடுகள் இடிக்கப்படுமுன் செய்ய வேண்டிய பதிவு ஒன்று காத்திருக்கிறது. கேள்வித்தாளில் வருமானம், குடியேறிய ஆண்டு, குடும்ப உறுப்பினர் எண்ணிக்கை ஆகியவற்றுக்குக் கட்டங்கள் இருக்கும். நாளொன்றுக்கு எத்தனை இட்லி, எத்தனை ஆண்டுகள் என்பதற்கும் ஒரு கட்டம் போடலாம்.